டர்க்கி ஷூட்: கட்டிவைத்த வான்கோழியிலிருந்து காகித அட்டை வரை (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

அமெரிக்காவின் தென்கிழக்கு மாநிலங்களிலும் பென்சில்வேனியா, ஒஹையோ பக்கத்துக் கிராமங்களிலும் அக்டோபர், நவம்பர் மாதங்களில் சாலையோரம் ஒரு பலகை தென்படும்: ‘டர்க்கி ஷூட், சனிக்கிழமை மாலை 6 மணி’. அந்த ஊர்களில் குடியேறிய நம்மவர்கள் இதைப் பார்த்துத் திகைப்பதும், போகலாமா கூடாதா என்று கேட்பதும் வழக்கம். அப்படிக் கேட்கப்படும் கேள்விகளுக்கான பதில்கள் இவை.

வான்கோழியை நிற்கவைத்துச் சுடுவார்களா?

இல்லை. இன்று சுடப்படுவது உள்ளங்கை அளவுள்ள ஒரு காகித அட்டை. அதன் நடுவில் பெருக்கல் குறி இருக்கும். ஷாட்கன்னால் ஒரே ஒரு முறை சுட வேண்டும். தோட்டாவிலிருந்து சிதறும் நூற்றுக்கணக்கான ரவைகளில் யாருடைய ரவை அந்தக் குறியின் மையத்துக்கு மிக அருகில் பட்டதோ அவருக்குப் பரிசு. பரிசு பெரும்பாலும் கடையில் வாங்கிய, உறையவைத்த வான்கோழி. பன்றித் தொடையோ பேக்கனோ கொடுக்கும் இடங்களும் உண்டு. சில ஊர்களில் வசூலான பணத்தில் பாதியைக் கொடுப்பார்கள்.

பெயரில் மட்டும் ஏன் வான்கோழி?

ஒரு காலத்தில் உண்மையிலேயே வான்கோழியைத்தான் சுட்டார்கள். 18, 19ஆம் நூற்றாண்டுகளில் கென்டக்கி, டென்னசி, நியூயார்க் மலைப்புறங்களில் கிறிஸ்துமஸ் சமயத்தில் இந்தப் போட்டி வழக்கம். வான்கோழி வைத்திருப்பவர் அதை ஒரு மரக்கட்டைக்குப் பின்னால் முளையடித்துக் காலில் கட்டிவைப்பார், அல்லது மேல்பக்கம் துளையுள்ள பெட்டியில் அடைப்பார். வெளியே தெரிவது தலையும் கழுத்தும் மட்டும். சுடுபவர் ஒவ்வொரு முறைக்கும் காசு கொடுத்து, ஒற்றைக் குண்டு போடும் நீண்ட குழல் ரைஃபிளால் சுட வேண்டும்.

பறவையிடம் ரத்தம் கண்டால் அது சுட்டவருக்குச் சொந்தம். தவறினால் காசு உரிமையாளருக்கு. ஆகவே பறவை எவ்வளவு நேரம் தப்புகிறதோ உரிமையாளருக்கு அவ்வளவு வருமானம். தூரத்தைக் கூட்டுவதிலும் கட்டையை உயர்த்துவதிலும் அவருக்கு அக்கறை இருந்தது. வான்கோழி தலையை ஓயாமல் ஆட்டும் பறவை என்பதால் அதுவே அவருக்குக் கூட்டாளி.

சண்டை வந்த இடம் ‘ரத்தம்’ என்ற விதியில்தான். அலகில் உரசினால் ரத்தமா? கட்டையில் பட்டுத் தெறித்த சிம்பு குத்தி ரத்தம் வந்தால் யாருக்குச் சேரும்? துப்பாக்கி பற்றாமல் பொசுங்கிப்போனால் அதுவும் ஒரு முறையாகக் கணக்கா? ஒவ்வொரு ஊரும் ஒரு வழக்கம் வைத்திருந்தது. பறவைக்கு நேர்ந்ததை யாரும் விதியாக எழுதவில்லை. அலகு உடைந்தோ ஒரு கண் போயோ, ரத்தம் கண்டதாக நடுவர் ஒப்புக்கொள்ளும்வரை அது கட்டப்பட்ட இடத்திலேயே கிடக்கும்.

முதல் உலகப்போரில் 1918 அக்டோபர் 8 அன்று பிரான்சில் 132 ஜெர்மானியரைச் சிறைபிடித்ததில் புகழ்பெற்ற ஆல்வின் யார்க், டென்னசியின் பால் மால் என்ற சிற்றூரில் இப்படிப்பட்ட போட்டிகளுக்கு நடுவே வளர்ந்தவர்.

மாட்டுக்காகவும் சுட்டார்கள் என்கிறார்களே?

ஆம். அதை ‘பீஃப் ஷூட்’ என்பார்கள். இந்தக் கதையில் பலரும் கவனிக்காமல் விடும் பகுதி இதுதான். அங்கே மாட்டைச் சுடுவதில்லை. மாட்டின் விலையைச் சுடும் வாய்ப்புகளாகப் பிரித்து விற்பார்கள். நெருப்பில் கருக்கிய பலகையில் சிறு காகிதத் துண்டோ வெட்டிய குறியோ இருக்கும். மையத்துக்கு நெருக்கமாகச் சுட்டவருக்கு முதல் தேர்வு. அவர் பின்தொடைப் பங்கைத்தான் எடுப்பார். அடுத்தடுத்தவர்களுக்கு மற்றப் பங்குகள். தோலும் கொழுப்பும் சேர்ந்து ‘ஐந்தாவது கால்பங்கு’. சில இடங்களில் மரத்தில் பதிந்த ஈயக் குண்டுகளைத் தோண்டியெடுக்கும் உரிமைகூட ஒரு பரிசு. மலைநாட்டில் ஈயம் அவ்வளவு அரிது.

குறியைச் சுட்டு இறைச்சியை வெல்வது, அதாவது இன்று நாம் பார்க்கும் முறை, கட்டிவைத்த வான்கோழிப் போட்டி நடந்த காலத்திலேயே அதன் பக்கத்தில் இருந்தது. விலங்கின் மேல் இரக்கம் வந்த பிறகு கண்டுபிடித்த மாற்றுவழி அல்ல அது. வான்கோழிக்குப் பதில் அட்டை வந்தபோது கிராமத்தார் பெரிதாக எதையும் இழந்ததாக உணராததற்கு இது ஒரு காரணம் என்பது எங்கள் கருத்து.

உயிருள்ள இலக்குக்கு எதிர்ப்பு எப்போது தொடங்கியது?

ஹென்றி பெர்க் 1866இல் நியூயார்க்கில் விலங்குவதைத் தடுப்புச் சங்கத்தை நிறுவினார். வண்டிக்குதிரைகளுக்காகத் தொடங்கிய அவர் கைவைத்தவற்றில் புறாச் சுடுதலும் ஒன்று. அப்போது அது கிராமத்து விளையாட்டு மட்டுமல்ல. பெரும்பணக்காரர்களின் கிளப்புகளில் பெட்டியிலிருந்து புறாவைத் திறந்துவிட்டுச் சுடுவது பந்தய விளையாட்டாக இருந்தது. 1881இல் கோனி தீவில் நடந்த ஒரு போட்டிக்கு 20,000 பயணப் புறாக்களைப் பிடித்துக் கொண்டுவந்தார்கள். நடத்தியது மீனையும் வேட்டை விலங்குகளையும் ‘பாதுகாக்கும்’ மாநிலச் சங்கம்! அந்த இனத்தின் கடைசிப் பறவை 1914 செப்டம்பர் 1 அன்று சின்சினாட்டி விலங்குக்காட்சியகத்தில் இறந்தது.

எதிர்ப்பைவிட வேகமாக வேலை செய்தது ஒரு மாற்றுப் பொருள். முதலில் கண்ணாடி உருண்டைகளை எறிந்து சுட்டார்கள். துண்டுகள் வயலெல்லாம் இறைந்து மாட்டின் காலைக் கிழித்தன. 1880இல் சின்சினாட்டிக்காரர் ஜார்ஜ் லிகோவ்ஸ்கி, சூளையில் சுட்ட களிமண் தட்டுக்குக் காப்புரிமை பெற்றார். தட்டு சுழன்று பறக்கும், புறாவைவிட மலிவு, எந்த மாதத்திலும் கிடைக்கும், ஒவ்வொன்றும் ஒரே மாதிரி பறப்பதால் போட்டி நியாயமாகவும் இருக்கும். இன்றைய தட்டில் களிமண்ணே இல்லை. தாரும் சுண்ணாம்புக்கல் தூளும்தான். விட்டம் 11 செ.மீ.க்குச் சற்றுக் குறைவு, எடை ஏறத்தாழ 100 கிராம். அமெரிக்காவின் மிகப் பெரிய சுடுபோட்டியான கிராண்ட் அமெரிக்கன் 1900இல் தட்டுகளுக்கு இடம் கொடுத்தது. உயிர்ப்புறாப் பிரிவு 1902உடன் நின்றது. பாரிஸில் 1900இல் ஒலிம்பிக்கை ஒட்டி நடந்த புறாச் சுடும் போட்டியே அந்த மேடையில் முதலும் கடைசியும். பிரிட்டன் 1921இல் சட்டம் போட்டுத் தடுத்தது.

அப்படியானால் எல்லா இடத்திலும் அப்போதே நின்றுவிட்டதா?

நிற்கவில்லை. பென்சில்வேனியாவின் ஷூயில்கில் மாவட்டத்தில் ஹெகின்ஸ் என்ற சிற்றூர். நிலக்கரிச் சுரங்கப் பகுதியை ஒட்டிய விவசாயப் பள்ளத்தாக்கு. அங்கே 1934 முதல் செப்டம்பர் முதல் திங்களன்று வரும் தொழிலாளர் தினத்தில் புறாச் சுடும் போட்டி நடந்தது. ஊர்ப் பூங்காவின் பராமரிப்புக்கு அதுதான் வருமானம். பிற்காலத்தில் ஒரே நாளில் சுமார் 5,000 புறாக்கள்.

நடந்த முறை இது. பிடித்துக் கூண்டில் கொண்டுவந்த மாடப்புறாக்களைத் தரையில் வரிசையாக வைத்த சிறு பெட்டிகளில் அடைப்பார்கள். சுடுபவர் கூவியதும் கயிற்றை இழுத்து ஒரு பெட்டியைத் திறப்பார்கள். எந்தப் பெட்டி என்று சுடுபவருக்குத் தெரியாது. புறா குறித்த வட்டத்துக்குள் விழுந்தால் புள்ளி. வெளியே போய் விழுந்து செத்தால் புள்ளி இல்லை. கூண்டில் நாள்கணக்கில் கிடந்து தண்ணீரில்லாமல் சோர்ந்த புறாக்கள் பல பறக்கவே செய்யாது. திறந்த பெட்டியில் அப்படியே உட்கார்ந்திருக்கும்.

சுற்று முடிந்ததும் பெட்டிகளில் வேலைசெய்யும் சிறுவர்கள் களத்துக்குள் ஓடி, அடிபட்டுத் துடிக்கும் பறவைகளைப் பொறுக்கிக் கழுத்தைத் திருகிப் பீப்பாயில் போடுவார்கள். போட்டியின் விதி ‘வட்டத்துக்குள் விழ வேண்டும்’ என்பதுதான், ‘உடனே சாக வேண்டும்’ என்பதல்ல. சிதறுரவையில் ஓரிரண்டு ரவை இறக்கையில் பட்டாலே புறா விழும், புள்ளி கிடைக்கும், உயிர் போகாது. காயம்பட்ட பறவைகள் அவ்வளவு அதிகமாக இருந்ததற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

நாட்டைத் திருப்பியது இறந்த புறாக்களின் எண்ணிக்கை அல்ல, அந்தச் சிறுவர்களின் படங்கள். 1980களின் நடுவில் தொடங்கிய மறியல் 1992இல் உச்சத்தைத் தொட்டது. அந்த ஒரு நாளில் நூற்றுக்கும் மேற்பட்டோர் கைதானார்கள். மறியலால் ஊர்க்காரர்கள் இன்னும் இறுகினார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். வேடிக்கை பார்க்க வெளியூர்க் கூட்டம் பெருகியது, நுழைவுக் கட்டணமும் பெருகியது. இதைக் கண்டுகொண்ட எதிர்ப்பாளர்கள் பின்னாளில் கோஷத்தைக் குறைத்துக்கொண்டு, அடிபட்ட பறவைகளை எடுத்து மருத்துவரிடம் சேர்ப்பதிலும் படம்பிடிப்பதிலும் இறங்கினார்கள்.

முடித்துவைத்தது நீதிமன்றம். விலங்குவதைத் தடுப்பு அதிகாரி இந்த மாவட்டத்தில் வழக்குத் தொடர முடியுமா என்ற கேள்வியில் 1999இல் மாநில உச்ச நீதிமன்றம் ‘முடியும்’ என்றது. வதைச் சட்டத்தில் வழக்கு வரும் என்று தெரிந்ததும் நடத்திய குழுவினர் போட்டியைக் கைவிட்டார்கள். 1998இல் நடந்ததே கடைசி.

ஹெகின்ஸில் ஏன் களிமண் தட்டுக்கு மாறவில்லை?

மாறச் சொல்லிப் பலர் கேட்டார்கள். தட்டுப் போட்டி நூறு ஊரில் நடக்கிறது, புறாவுக்காகத்தான் எங்களிடம் வருகிறார்கள் என்பது அவர்கள் வாதம். வருமானக் கணக்கில் அது பொய்யில்லை. ஆனால் டர்க்கி ஷூட்டையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வான்கோழிக்காரர்கள் இலக்கை மாற்றிக்கொண்டு போட்டியை வைத்துக்கொண்டார்கள். ஹெகின்ஸ்காரர்கள் இலக்கை விடமாட்டோம் என்றார்கள், போட்டியே போயிற்று. பறவை இல்லாவிட்டால் தங்கள் மரபு இல்லை என்று அவர்கள் நம்பியது தவறு என்றே நினைக்கிறோம். கூட்டம், சோறு, பந்தயம், ஊருக்கு நாலு காசு: இவை எதற்கும் புறா தேவையில்லை.

பென்சில்வேனியாவில் தனியார் கிளப்புகள் சில அதற்குப் பிறகும் புறாச் சுடுதலை நடத்தின. தடைச் சட்டம் பலமுறை சட்டமன்றத்தில் வந்து தேங்கியது. 2014இல் மேலவை நிறைவேற்றியும் கீழவையில் வாக்கெடுப்புக்கே வரவில்லை.

இன்றைய டர்க்கி ஷூட்டை யார் நடத்துகிறார்கள்? ஒரு சுற்று எப்படி நடக்கும்?

தன்னார்வத் தீயணைப்புப் படை, முன்னாள் படைவீரர் சங்கம், லயன்ஸ் கிளப், தேவாலயம் ஆகியவைதான் பெரும்பாலும் நடத்துகின்றன. தீயணைப்பு வண்டிக்குக் குழாய் வாங்குவதற்கோ வீடு எரிந்த குடும்பத்துக்கோ பணம் சேர்ப்பார்கள். நவம்பர் நான்காம் வியாழனன்று வரும் நன்றிநவிலல் நாளுக்கு முந்தைய வாரங்களில் மும்முரம். விளக்கு வெளிச்சத்தில் இரவிலும் நடக்கும்.

மேசையில் காசு கட்டி அட்டை வாங்க வேண்டும். ஒரு சுற்றுக்கு 2 முதல் 5 டாலர் வரை. அட்டையின் பின்பக்கம் உங்கள் பெயரோ எண்ணோ எழுதுவார்கள். 10 முதல் 20 பேர் சேர்ந்ததும் சுற்று தொடங்கும். உதவியாளர்கள் அட்டைகளைக் கம்பங்களில் அடித்துவிட்டுத் திரும்பி வரும்வரை சுடும் கோட்டில் எந்தத் துப்பாக்கியும் கையில் இருக்கக்கூடாது. பிறகு களத்தலைவர் அழைக்கும்போது கோட்டுக்குப் போய், அவர் தரும் ஒரே தோட்டாவைக் கட்டளைக்குப் பின் போட்டு, நின்றபடி ஒருமுறை சுட்டு, குழலைத் திறந்து காட்டிவிட்டு நகர வேண்டும். எல்லாரும் முடித்ததும் அட்டைகள் மேசைக்கு வரும்.

தூரம் வழக்கமாக 25 முதல் 35 கஜம், பெரும்பாலும் 30 கஜம். அட்டைக்கும் அட்டைக்கும் இடைவெளி 5 அடியாவது வேண்டும். புதிதாக நடத்துபவர்கள் இதில்தான் சறுக்குகிறார்கள். 30 கஜத்தில் ரவைகள் இரண்டரை அடி அகலத்துக்குமேல் பரவும். 2 அடி இடைவெளியில் அட்டை வைத்தால் பக்கத்து ஆளின் ரவை உங்கள் அட்டையில் விழுந்து அதுவே வென்றுவிடும்.

எந்தத் துப்பாக்கி, எந்தத் தோட்டா?

12 கேஜ் (குழலின் அகல அளவு) ஷாட்கன். தோட்டா 2¾ அங்குலம், அதில் 1⅛ அவுன்ஸ் ரவை, அதாவது 32 கிராம். ரவை 8ஆம் எண் அல்லது 9ஆம் எண். 8ஆம் எண் ரவையின் விட்டம் 2.3 மி.மீ., ஒரு தோட்டாவில் சுமார் 460. 9ஆம் எண் 2 மி.மீ., சுமார் 660. எண் கூடினால் ரவை பொடியாகும். தோட்டாவை அமைப்பாளரே தருவார். உங்கள் பையிலிருந்து எடுத்துப் போட்டால் அந்த அட்டை செல்லாது.

குழலின் வாய்ப்பகுதியில் உள்ள ஒடுக்கத்தை ‘சோக்’ என்பார்கள். ரவைக்கூட்டம் எவ்வளவு விரிய வேண்டும் என்பதை அதுதான் தீர்மானிக்கிறது. 12 கேஜ் குழலின் உள்விட்டம் 0.729 அங்குலம். ‘ஃபுல் சோக்’ அதை 0.035 அங்குலம் அளவுக்குக் குறைக்கும். இந்தப் போட்டிக்கென்றே அதைவிட இறுக்கமாகக் கடைந்த, நீண்ட குழலுள்ள துப்பாக்கிகள் இருக்கின்றன. அவற்றையும் சாதாரண வேட்டைத் துப்பாக்கிகளையும் ஒரே சுற்றில் விட்டால் புதியவர் இரண்டாம் வாரம் வரமாட்டார். அதனால் நல்ல இடங்களில் இரண்டு வகுப்பு இருக்கும்: தொழிற்சாலையில் வந்தபடியே உள்ள துப்பாக்கிகளுக்கு ஒன்று, கடைந்தவற்றுக்கு ஒன்று. நுழைவிலேயே அளவுக்கட்டையைக் குழலின் வாயில் விட்டுச் சோதிப்பார்கள்.

இறுக்கினால் எப்போதும் நல்லது என்றும் இல்லை. ஓர் எல்லைக்கு மேல் ஈய ரவைகள் ஒடுக்கத்தில் நசுங்கி உருக்குலையும். நசுங்கிய ரவை நேராகப் போகாது. கூட்டத்தின் நடுவில் ஓட்டை விழும், அந்த ஓட்டை சரியாகக் குறிக்கு மேல் வந்து நிற்கும். பிளாஸ்டிக் உறைக் கழிவு படிந்த குழலிலும் பரவல் ஒழுங்காக இருக்காது. குளிர்ந்த இரவில் காற்று அடர்த்தியாக இருப்பதால் பரவல் சற்று விரியும்.

இதில் திறமை எவ்வளவு, அதிர்ஷ்டம் எவ்வளவு?

ஒரு தோராயக் கணக்கு போடலாம். ஃபுல் சோக் என்றால் 40 கஜத்தில் 30 அங்குல வட்டத்துக்குள் 70 சதவீத ரவைகள் விழும் என்பது நிலைபெற்ற அளவுகோல். அதை 30 கஜத்துக்குச் சுருக்கினால், 8ஆம் எண் ரவையில் கூட்டத்தின் நடுவே ஒரு சதுர அங்குலத்துக்கு ஒன்றரை ரவை. அப்படியானால், பிசகாமல் குறிவைத்தவருக்கும் மையத்துக்கு மிக நெருங்கிய ரவை சராசரியாக 1 செ.மீ. தள்ளியே விழும். 15 பேர் சுடும்போது அவர்களில் மிகச் சிறந்த அட்டை 2 அல்லது 3 மி.மீ. தூரத்தில் இருக்கும். அந்தச் சில மில்லிமீட்டரை யாராலும் குறிவைத்துச் சுட முடியாது. 7 அங்குலம் தள்ளிக் குறிவைத்தவருக்குக்கூட மையத்தில் ரவை அடர்த்தி பத்தில் ஆறு பங்கு மிஞ்சும்.

ஆக, நன்றாகச் சுடத் தெரிந்தவருக்கு வாய்ப்பு கூடும், வெற்றி உறுதியில்லை. நிதி திரட்டும் போட்டிக்கு இது குறையல்ல. பதினான்கு வயதுப் பேத்தி தாத்தாவை வெல்லக்கூடிய போட்டிக்குத்தான் குடும்பத்தோடு வருவார்கள்.

திறமை பயன்படும் இடம், கெடுக்காமல் இருப்பதில். கன்னத்தைத் துப்பாக்கியின் அடிக்கட்டையிலிருந்து உயர்த்தினால் சுடுதல் மேலே போகும், ஏனென்றால் ஷாட்கன்னில் பின்குறி உங்கள் கண்தான். உதைக்குப் பயந்து விசையை வெடுக்கென்று இழுத்தால் கீழே போகும். அடிக்கட்டையைத் தோள்குழியில் இறுக்கிப் பிடித்தால் உதை வலிக்காது. சொந்தத் துப்பாக்கி என்றால் முன்கூட்டியே 30 கஜத்தில் பெரிய காகிதம் ஒட்டிச் சுட்டுப் பார்த்து, கூட்டத்தின் நடு எங்கே விழுகிறது என்று தெரிந்துகொள்ளுங்கள். பல துப்பாக்கிகள் குறிக்குச் சில அங்குலம் மேலேதான் சுடும்.

தீர்ப்பில் தகராறு வராதா?

வரும். குறியின் மையத்துக்கு எந்த ஓட்டை நெருக்கம் என்று கண்ணால் பார்த்துச் சொல்லும் இடத்தில் கண்டிப்பாக வரும். வட்டங்கள் அச்சிட்ட கண்ணாடித் தகட்டை அட்டைமேல் வைத்துப் பார்ப்பதோ, காலிப்பர் என்ற அளவுக்கருவியால் அளப்பதோ நல்லது. ஓட்டையின் விளிம்பிலிருந்து அளப்பதா, நடுவிலிருந்து அளப்பதா என்பதைச் சுற்று தொடங்கும் முன்பே அறிவிக்க வேண்டும். நடுவிலிருந்து அளப்பதே சரி. அட்டையைச் சும்மா தொங்கவிட்டால் ரவை பாய்ந்த இடம் கிழியும். பின்னால் கெட்டி அட்டைப்பெட்டித் துண்டை ஒட்டி வைத்தால் ஓட்டை சுத்தமாக இருக்கும். இரண்டு அட்டைகள் சமம் என்றால் இரண்டாவது நெருங்கிய ரவையைப் பார்ப்பார்கள்.

ஏமாற்றும் உண்டு. பழைய அட்டையை மாற்றி நீட்டுவது, ஆணி முனையால் குறியில் குத்துவது, வீட்டில் செய்த தோட்டாவை உள்ளங்கையில் மறைப்பது. ஒவ்வொரு சுற்றுக்கும் வேறு நிறத்தில் முத்திரை குத்திய அட்டை, அட்டையைச் சுட்டவர் தொடாமல் உதவியாளரே எடுத்துவருவது, தோட்டாவைக் கோட்டில் மட்டும் கொடுப்பது ஆகிய மூன்றும் இருந்தால் பெரும்பாலான வித்தைகள் அடங்கிவிடும்.

இடம் எப்படி இருக்க வேண்டும்? ஈயம் மண்ணில் சேராதா?

பொடி ரவை வெகுதூரம் போகாது. ரவையின் விட்டத்தை அங்குலத்தில் எடுத்து 2,200ஆல் பெருக்கினால் அது போகக்கூடிய அதிகபட்ச தூரம் கஜத்தில் கிடைக்கும். 8ஆம் எண்ணுக்கு 198 கஜம். காற்றையும் பிசகையும் சேர்த்து 300 கஜம் வரை ஆளோ சாலையோ கால்நடையோ இல்லாத இடம் வேண்டும். பின்னால் மண்மேடு இருந்தால் நல்லது. சுடுபவர்கள் அனைவருக்கும் கண்ணாடியும் காதடைப்பும் தேவை. பார்வையாளர்கள் கோட்டுக்குப் பின்னால் கயிற்றுக்கு அப்பால் நிற்க வேண்டும். குடித்தவர் கோட்டுக்கு வரக்கூடாது. பீர் விற்கும் சங்கங்களில் இந்த விதி காகிதத்தில் மட்டும் இருப்பதுண்டு. அப்படிப்பட்ட இடத்திலிருந்து கிளம்பிவிடுங்கள்.

ஈயம் சேரும். ஓர் இரவில் 300 தோட்டா என்றால் ஒன்பதரை கிலோவுக்கு மேல். தரையில் கிடக்கும் ரவையைக் கல்லென்று நினைத்துப் புறாவும் காடையும் விழுங்கும். அரவைப்பையில் கரைந்து நஞ்சேறும். பறவையைச் சுடுவதை விட்ட போட்டி பறவையைக் கொல்வது இப்படி மிச்சமிருக்கிறது. இதைப் பற்றிப் பேசுபவர்கள் குறைவு. ஓடைக்கரையிலும் சதுப்பிலும் நடத்தாமல் இருப்பது, மேட்டு மண்ணைச் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை சலித்து ஈயத்தை எடுப்பது, முடிந்தால் எஃகு ரவைக்கு மாறுவது என்று வழிகள் இருக்கின்றன. எஃகு ரவைக்கு இறுக்கமான பழைய சோக் ஆகாது, குழல் கெடும்.

எச்1பி விசாவில் இருக்கிறேன். போய்ச் சுடலாமா?

இந்தப் பக்கத்தில் மிகக் கவனமாகப் படிக்க வேண்டிய பதில் இது. அமெரிக்கக் கூட்டரசுச் சட்டப்படி, குடியேற்றமல்லாத விசாவில் வந்தவர்கள் (எச்1பி, எச்4, எஃப்1, எல்1, சுற்றுலா) துப்பாக்கியையோ தோட்டாவையோ கையில் வைத்திருப்பதே குற்றம். சொந்தமாக வாங்குவது மட்டுமல்ல, நண்பருடையதை ஐந்து நிமிடம் வாங்கிச் சுடுவதும் அதில் அடங்கும். முக்கிய விதிவிலக்கு, அமெரிக்க மாநிலம் ஒன்று வழங்கிய செல்லுபடியாகும் வேட்டை உரிமம் உங்களிடம் இருப்பது. பல மாநிலங்களில் அதற்கு வேட்டைப் பாதுகாப்பு வகுப்பு முடித்திருக்க வேண்டும். ‘இது காகிதம்தானே, வேட்டையில்லையே’ என்று டர்க்கி ஷூட் நடத்துபவரே சொல்வார். அவருக்கு இந்தச் சட்டம் தெரிந்திருக்க வேண்டிய கட்டாயம் இல்லை, மாட்டிக்கொண்டால் போவது உங்கள் விசா. கிரீன் கார்டு உள்ளவர்களுக்கு இந்தத் தடை இல்லை. வேடிக்கை பார்ப்பதற்கும் சாப்பிடுவதற்கும் யாருக்கும் தடையில்லை.

காகிதத்தைச் சுட்டுவிட்டுக் கொட்டகையில் வளர்த்த வான்கோழியைப் பரிசு வாங்குவது பாசாங்கு இல்லையா?

நியாயமான கேள்வி. நன்றிநவிலல் நாளுக்காக மட்டும் அமெரிக்காவில் கோடிக்கணக்கான வான்கோழிகள் வெட்டப்படுகின்றன. அவற்றின் வாழ்நாள் கூரைக்கடியில் நெருக்கத்தில் கழிகிறது. கட்டைக்குப் பின்னால் கட்டப்பட்ட பழைய வான்கோழி அதுவரை முற்றத்தில் மேய்ந்திருக்கும். இந்தப் போட்டியில் மாறியது விலங்கைக் கொல்லலாமா என்ற எண்ணம் அல்ல. கொல்வதை விளையாட்டாக்கலாமா, அதைப் பிள்ளைகள் கையால் செய்யலாமா என்பதில்தான் மாற்றம். இது சிறிய மாற்றம் என்பவர்களும் உண்டு. முற்றத்துப் பறவையின் கடைசி ஒரு மணி நேரத்தை நினைத்தால் எங்களுக்கு அது சிறியதாகத் தெரியவில்லை.

இன்னும் உயிருள்ள விலங்கை வைத்துப் போட்டி எங்காவது நடக்கிறதா?

நடக்கிறது. காட்டில் வேட்டையாடிவந்து எடையிலோ எண்ணிக்கையிலோ போட்டியிடும் வகை. கொயோட்டி என்ற காட்டு நாயை அதிகம் கொன்றவருக்குப் பரிசு தரும் போட்டிகள் மேற்கு மாநிலங்களில் பல. நியூயார்க் மாநிலத்தின் ஹாலி என்ற ஊரில் தீயணைப்புப் படை நடத்திய அணில் வேட்டைப் போட்டி நெடுநாள் சர்ச்சையில் இருந்தது. கலிஃபோர்னியா 2014இல் இத்தகைய பரிசுப் போட்டிகளுக்குத் தடைபோட்டது. வெர்மான்ட், நியூ மெக்சிகோ, கொலராடோ எனப் பல மாநிலங்கள் பின்தொடர்ந்தன. நியூயார்க் 2023 டிசம்பரில் சட்டமாக்கியது. அதில் மான், கரடி, காட்டு வான்கோழி வேட்டைப் போட்டிகளுக்கு விலக்கு உண்டு. ஊரில் கூட்டம் சேர்க்கும் வேட்டைப் போட்டியைத் தடுத்தால் தீயணைப்புப் படைக்குப் பணம் எங்கிருந்து வரும் என்ற கேள்வி ஒவ்வொரு முறையும் எழுகிறது. காகித அட்டை அதற்கு ஏற்கெனவே பதில் சொல்லியிருக்கிறது.

இந்தியாவில் இதற்குச் சட்டம் உண்டா?

உண்டு. விலங்குவதைத் தடுப்புச் சட்டம் 1960இன் 11ஆம் பிரிவு, அடைத்துவைத்த விலங்கைத் திறந்துவிட்டுச் சுடும் போட்டியை நடத்துவதையும் அதில் கலந்துகொள்வதையும் பெயர் சொல்லியே குற்றமாக்குகிறது. ஹெகின்ஸ் போட்டி ஓய்வதற்கு ஏறத்தாழ நாற்பது ஆண்டு முன்பே எழுதிய வரி. ஆனால் முதல் குற்றத்துக்குச் சட்டம் விதித்த அபராதம் 10 முதல் 50 ரூபாய்.

நான் சைவம். வென்றுவிட்டால் வான்கோழியை என்ன செய்வது?

மேசையிலேயே சொல்லிவிடுங்கள். பணமாக மாற்றித் தருவார்கள், அல்லது உங்கள் பெயரில் ஊர் உணவு வங்கிக்கு அனுப்புவார்கள். நவம்பரில் உணவு வங்கிகள் உறைந்த வான்கோழியைத் தேடி வாங்கும். வீட்டுக்குக் கொண்டுபோய் அசைவம் சாப்பிடும் நண்பருக்குக் கொடுப்பதானால், 12 பவுண்டுப் பறவை குளிர்பெட்டியின் கீழ்த்தட்டில் உருக மூன்று நாள் ஆகும் என்று சொல்லிக் கொடுங்கள். புதன்கிழமை இரவு வெளியே எடுப்பவர்கள் வியாழக்கிழமை பீட்சா சாப்பிடுகிறார்கள்.